ஜார்ஜினா ஸ்பெல்வின்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

1970களின் அமெரிக்க சினிமாவைப் பற்றிப் பேச்சு எடுத்தால் எங்காவது ஓரிடத்தில் ஜார்ஜினா ஸ்பெல்வின் பெயர் வந்துவிடும். பெயர் வந்த கையோடு அதே பதினைந்து, இருபது சந்தேகங்களும் வரிசைகட்டி வரும். கேட்டவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளை இங்கே வைத்திருக்கிறோம். கிளுகிளுப்பு தேடி வந்தவர்களுக்கு ஏமாற்றம்தான். இந்தப் பக்கம் நடிப்பையும் தொழிலையும் பற்றியது.

1. யாருங்க இவங்க? பேரே கேள்விப்பட்டதில்லையே.

அமெரிக்க நடிகை. 1936ஆம் ஆண்டு மார்ச் 1 அன்று டெக்ஸஸ் மாநிலத்தின் ஹூஸ்டனில் பிறந்தவர். சிறுவயதில் இளம்பிள்ளைவாதம் தாக்கி, அதிலிருந்து மீண்டு, நடனம் கற்று நியூயார்க் போனார். பிராட்வே இசை நாடகங்களில் கோரஸ் நடனப் பெண்ணாகத்தான் தொழிலைத் தொடங்கினார். 'தி பஜாமா கேம்' அவர் ஆடிய நாடகங்களில் ஒன்று.

1973இல் ஜெரார்ட் டாமியானோ இயக்கிய 'தி டெவில் இன் மிஸ் ஜோன்ஸ்' என்ற வயதுவந்தோர் படத்தில் கதாநாயகியாக நடித்தார். அந்த வகைப் படங்களில் 'நடிப்பு' என்று ஒன்றைத் தனியாக எடுத்துப் பேச வைத்த முதல் சிலரில் இவரும் ஒருவர். அதன்பின் சுமார் பத்து ஆண்டுகள் அந்தத் துறையில் இருந்தார்.

2. அது அவங்க சொந்தப் பேரா, வெச்சுக்கிட்ட பேரா?

வைத்துக்கொண்ட பெயர். ஆனால் வாய்க்கு வந்ததை வைத்துக்கொள்ளவில்லை, அதில் ஒரு நாடகக் குறும்பு இருக்கிறது. அமெரிக்க மேடையில் 'ஜார்ஜ் ஸ்பெல்வின்' என்பது நூறாண்டுக்கு மேல் புழங்கும் பொய்ப்பெயர். ஒரே நடிகர் இரண்டு வேடம் கட்டினால் இரண்டாவது வேடத்துக்கு நேரே நிகழ்ச்சித்தாளில் இந்தப் பெயரைப் போடுவார்கள். தன் பெயர் வெளியே தெரியக்கூடாது என்று நினைக்கும் நடிகரும் இதையே போட்டுக்கொள்வார். லண்டன் மேடையில் இதே வேலையைச் செய்யும் பெயர் 'வால்டர் பிளிஞ்ச்'. ஹாலிவுட்டில் தன் படத்தைக் கைகழுவ நினைத்த இயக்குநர்களுக்கு 'ஆலன் ஸ்மிதீ' இருந்தார்.

ஜார்ஜைப் பெண்பாலாக்கினால் ஜார்ஜினா. மேடைக்காரர்கள் பார்த்தவுடனே 'ஓ, இது நம்ம ஆளு' என்று புரிந்துகொள்வார்கள், வெளியாருக்கு அது வெறும் பெயர். ஒளிந்துகொள்வதற்கு என்றே இருந்த பெயரை வைத்து ஒருவர் புகழ்பெற்றுவிட்டது வேடிக்கைதான்.

3. அந்தக் காலத்துல இதெல்லாம் தியேட்டர்லயே ஓடுச்சா? திருட்டுத்தனமா இல்லையா?

சாதாரணத் திரையரங்கில், டிக்கெட் வாங்கி, வரிசையில் நின்று பார்த்தார்கள். அதற்கு முன்பு இப்படிப்பட்டவை 8 மி.மீ., 16 மி.மீ. துண்டுச்சுருள்களாகத்தான் மறைவில் கைமாறின. 1970 வாக்கில் கதையோடு கூடிய முழுநீளப் படங்கள் வரத் தொடங்கின. 1972 ஜூனில் நியூயார்க்கில் டாமியானோவின் 'டீப் த்ரோட்' வெளியானதும் அது பெரிய பேச்சாகிவிட்டது. 1973 ஜனவரியில் நியூயார்க் டைம்ஸ் பத்திரிகையே இந்தப் போக்கைப் பற்றி நீண்ட கட்டுரை போட்டது. ஆபாசப் படம் பார்ப்பது நாகரிகமாகிவிட்ட காலம் என்ற பொருளில் 'போர்னோ ஷீக்' என்ற பெயர் அப்போதுதான் நிலைத்தது.

அந்த அலை உச்சத்தில் இருந்த 1973 மார்ச்சில் 'மிஸ் ஜோன்ஸ்' வந்தது. மூன்றே மாதத்தில் சட்டம் மாறிவிட்டது. அது 10ஆவது கேள்வியில்.

4. கதைன்னு ஏதாவது இருக்கா, சும்மா பேருக்கா?

இருக்கிறது. ஜஸ்டின் ஜோன்ஸ் தனியாக வாழும், கல்யாணமாகாத, நடுவயதை நெருங்கும் பெண். தன் உயிரைத் தானே முடித்துக்கொள்கிறாள். செத்தபின் ஓர் இடைத்தங்கல் இடம். அங்கே அபாகா என்ற அதிகாரி அவள் கணக்கைப் பார்க்கிறார். வாழ்நாள் முழுக்கப் பாவமே செய்யாதவள், செய்த ஒரே பாவம் தற்கொலை. அதனால் சொர்க்கம் கிடையாது. "நரகம்தான் என்றால் அதற்குத் தகுதியாகவாவது ஏதாவது செய்துவிட்டுப் போகிறேனே" என்பது அவள் வாதம். கொஞ்ச காலம் கெடு கிடைக்கிறது. காமம் என்ற பாவத்தை அவள் தேர்ந்தெடுக்கிறாள்.

கெடு முடிந்ததும் நரகம். தீ இல்லை, எண்ணெய்க் கொப்பரை இல்லை. ஒரு வெற்று அறை. அதில் ஓர் ஆள், ஈ பிடிப்பதிலேயே குறியாக உட்கார்ந்திருக்கிறான். அவள் பக்கம் திரும்பக்கூட மாட்டேன் என்கிறான். ஆசையைக் கற்றுக்கொண்டவளுக்கு அதைத் தீர்க்க வழியே இல்லாத இடத்தில் நிரந்தரக் காவல். அந்த ஆளாக நடித்தவர் இயக்குநர் டாமியானோவேதான். மூடிய அறையையும் அடுத்த மனிதரையுமே நரகமாகக் காட்டிய ஃபிரெஞ்சுத் தத்துவ எழுத்தாளர் சார்த்தரின் நாடகத்தோடு விமர்சகர்கள் இதை ஒப்பிட்டது இதனால்தான்.

5. நான் தேடினா 1941ன்னு வருது, கறுப்பு வெள்ளைல ஒரு காமெடிப் படம். அதுலயும் இவங்க இருக்காங்களா?

இல்லை. 1941இல் அவருக்கு ஐந்து வயது! அது 'தி டெவில் அண்ட் மிஸ் ஜோன்ஸ்'. சாம் வுட் இயக்கி, ஜீன் ஆர்தரும் சார்லஸ் கோபர்னும் நடித்த குடும்ப நகைச்சுவை. கடை முதலாளி தன் கடையிலேயே மாறுவேடத்தில் வேலைக்குச் சேரும் கதை. டாமியானோ 'அண்ட்' என்பதை 'இன்' ஆக்கிவிட்டார், அவ்வளவுதான். பட்டியல் எழுதுபவர்கள் இந்த ஒரு சொல்லில் சறுக்குவது வாடிக்கை. ஆண்டையும் சேர்த்தே எழுதுங்கள்.

6. சமையல் வேலைக்குப் போன இடத்துல கதாநாயகி ஆனாங்கன்னு சொல்றாங்களே, கட்டுக்கதையா?

கட்டுக்கதை இல்லை. படக்குழுவுக்குச் சாப்பாடு போடும் பொறுப்புக்குத்தான் அவர் பேசப்பட்டார். வேறொரு நடிகரின் தேர்வுக்காக எதிர்ப்பக்க வசனத்தை வாசிக்க ஆள் தேவைப்பட்டபோது இவர் வாசித்தார். அதைக் கேட்ட டாமியானோ, தான் தேடும் ஜோன்ஸ் இவர்தான் என்று முடிவு செய்தார். சமையல் பொறுப்பும் அவர் கையிலேயே இருந்தது. காட்சிக்கும் அடுப்புக்குமாக ஓடிக்கொண்டிருந்தார். படப்பிடிப்பு பென்சில்வேனியாவின் மிலன்வில் என்ற சிற்றூரில், முன்பு ஆப்பிள்களைப் பெட்டியில் அடைக்கும் கூடமாக இருந்த கட்டடத்தில் நடந்தது.

இந்தக் கதையில் கவனிக்க வேண்டியது வசனம் வாசித்ததை. தேர்வானது அங்கேதான். இந்த வகைப் படத்துக்கு ஆள் எடுக்கும் வழக்கமான முறை அதுவல்ல.

7. 36 வயசுல எப்படி இந்தத் துறைல கதாநாயகி ஆக முடிஞ்சுது?

படம் வந்தபோது அவருக்கு 37. அதே அலையில் பெயர் வாங்கிய லிண்டா லவ்லேஸுக்கு 'டீப் த்ரோட்' வந்தபோது 23, 'பிஹைண்ட் தி கிரீன் டோர்' படத்தில் மெரிலின் சேம்பர்ஸுக்கு 20. அவர்களுக்குப் பக்கத்தில் நிறுத்தினால் ஸ்பெல்வினுக்கு வயது 'அதிகம்'தான். ஆனால் ஜோன்ஸ் பாத்திரத்துக்கு அந்த வயதுதான் மூலதனம். இருபது வயதுப் பெண் 'வாழாமலேயே வாழ்க்கை போய்விட்டது' என்று சொன்னால் யார் நம்புவார்கள்? சற்றே ஒட்டிய கன்னமும், பெரிய கண்ணும், அழகு ராணித்தனம் இல்லாத முகமும் அந்தக் கதையைப் பாதி சொல்லிவிடுகின்றன.

8. நடிப்பு, நடிப்புன்னு எல்லாரும் சொல்றாங்க. எந்த இடத்துல பாக்கணும்?

உடையோடு இருக்கும் காட்சிகளில் பாருங்கள். மூன்று இடம் போதும்.

முதலாவது, தொடக்கத் தனிமை. வசனம் கிட்டத்தட்ட இல்லை. ஓர் அறை, ஒரு பெண். நடை, நிற்பது, திரும்புவது எல்லாமே சிக்கனம். அழுகை நடிப்பு இல்லை, ஏற்கனவே முடிவெடுத்துவிட்டவளின் அமைதி. இரண்டாவது, அபாகாவோடு பேசும் காட்சி. இருவர் உட்கார்ந்து பேசுகிறார்கள், அவ்வளவே. அதில் அவர் குரலைக் கவனியுங்கள். வேலைக்கு மனுக் கொடுக்க வந்தவள் மாதிரி மரியாதையான, இறுகிய, கொஞ்சம் தட்டையான குரல். தீர்ப்பு புரியப் புரிய அந்த மரியாதைக்கு அடியில் கோபம் ஏறுகிறது. நல்லவளாக இருந்து என்ன கண்டேன் என்ற கோபம். குரல் உயராமலே அது வந்து சேர்கிறது.

மூன்றாவது, கடைசி அறை. ஈ பிடிக்கும் ஆளிடம் அவள் கெஞ்சுகிறாள். இங்கே முன்பிருந்த சிக்கனம் ஒன்றும் இல்லை. குரல் கரகரக்கிறது, வாக்கியம் முடிவதற்குள் அடுத்தது தொடங்குகிறது. அவன் பேசாமல் இருக்கச் சொல்லிவிட்டு, இல்லாத ஈயைப் பார்க்கிறான். முதல் காட்சியின் அமைதியையும் இந்தப் பதற்றத்தையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் அவர் என்ன செய்திருக்கிறார் என்று புரியும். நடுவில் வரும் பாலியல் காட்சிகள் இந்த இரண்டுக்கும் இடையிலான படிகள். தயக்கம், ஆர்வம், வெறி என்று ஒவ்வொன்றிலும் பாத்திரம் ஒரு படி நகர்ந்திருக்கும். இந்த வகைப் படங்களில் நாயகி முதல் காட்சியில் எப்படியோ கடைசியிலும் அப்படியே இருப்பாள். வித்தியாசம் அங்கேதான்.

விமர்சகர் ரோஜர் ஈபர்ட் இந்தப் படத்துக்கு நாலுக்கு மூன்று நட்சத்திரம் கொடுத்தார்.

9. டான்ஸ் ஆடினவங்க என்பதுக்கும் நடிப்புக்கும் என்ன சம்பந்தம்?

நிறைய. கோரஸ் நடனக்காரர், ஒன்று முதல் எட்டு வரை எண்ணி ஆடும் தாளக் கணக்கிலேயே வாழ்பவர். தரையில் எந்த இடத்தில் காலை வைக்க வேண்டும், எந்த எண்ணில் கை உயர வேண்டும் என்று உடம்புக்கே மனப்பாடம். வாரத்தில் எட்டுக் காட்சி, ஒவ்வொன்றிலும் அதே அசைவு, அதே இடம்.

ஒரே கேமராவை வைத்து எடுக்கும் படத்தில் இது தங்கம். அகலக் காட்சியை எடுத்துவிட்டு, விளக்கை மாற்றி, முக்கால் மணி நேரம் கழித்து அதே வசனத்துக்கு க்ளோசப் எடுப்பார்கள். எந்தச் சொல்லில் தலையைத் திருப்பினார், எந்தக் கையால் தலைமுடியை ஒதுக்கினார் என்பது இரண்டிலும் ஒன்றாக இல்லாவிட்டால் படத்தொகுப்பில் வெட்டு ஒட்டாது, பார்ப்பவர் கண்ணில் உறுத்தும். பெரிய படங்களில் இதைக் குறித்துவைக்கத் தனியாக ஆள் இருப்பார். சின்னப் படங்களில் அந்தச் சம்பளத்தைத்தான் முதலில் மிச்சம் பிடிப்பார்கள், எனவே நடிகையின் உடம்பே குறிப்பேடு. ஸ்பெல்வின் நியூயார்க்கில் படத்தொகுப்பு வேலையும் பார்த்தவர். வெட்டு எங்கே விழும் என்று தெரிந்து நடிப்பவர் கிடைத்தால் இயக்குநருக்குப் பாதி வேலை மிச்சம்.

மேடைப் பயிற்சியால் வரும் குறையும் உண்டு. கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டும் என்று பழகிய குரலும், பெரிய முகபாவமும் க்ளோசப்பில் கத்துவது போலிருக்கும். பிற்காலப் படங்கள் சிலவற்றில், குறிப்பாக நகைச்சுவை வேடங்களில், அவர் அந்தப் பக்கம் சாய்வார். 'மிஸ் ஜோன்ஸ்' முதல் பாதியில் அதை எப்படி அடக்கிவைத்திருக்கிறார் என்பதே பாராட்டுக்குரியது.

10. ஆபாசப் படத்துக்கு எதுக்கு சொர்க்கம், நரகம், தத்துவம் எல்லாம்?

பாதி கலை, பாதி சட்டப் பாதுகாப்பு. 1966 முதல் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் அளவுகோல், ஒரு படைப்பில் சமூகப் பயன் 'அறவே இல்லை' என்று அரசுத் தரப்பு நிரூபித்தாக வேண்டும் என்பது. கொஞ்சமாவது பயன் இருக்கிறது என்று காட்டிவிட்டால் தப்பிக்கலாம். அதனால்தான் 1960களின் கடைசியில் வெள்ளைக் கோட்டுப் போட்ட 'டாக்டர்' ஒருவர் வந்து பாலியல் கல்வி விரிவுரை ஆற்றுவதாகப் படங்கள் எடுத்தார்கள். கதை, தத்துவம், பாவத்துக்குத் தண்டனை எல்லாமே அந்த வெள்ளைக் கோட்டின் வேலையையும் சேர்த்துச் செய்தன.

1973 ஜூன் 21 அன்று வந்த மில்லர் தீர்ப்பு இதை மாற்றியது. மூன்று கேள்வி: உள்ளூர்ச் சமூகத்தின் அளவுகோல்படி, மொத்தமாகப் பார்த்தால், இது காம இச்சையைத் தூண்டுவதையே நோக்குகிறதா? மாநிலச் சட்டம் வரையறுத்த பாலியல் செயலை அப்பட்டமாக, அருவருக்கும்படி காட்டுகிறதா? இலக்கிய, கலை, அரசியல், அறிவியல் மதிப்பு எதுவும் உருப்படியாக இல்லையா? மூன்றுக்கும் ஆம் என்றால் ஆபாசம். 'உள்ளூர் அளவுகோல்' என்ற சொல்தான் வினை. நியூயார்க்கில் எடுத்த படத்தை டென்னசியில் உள்ள ஜூரி தன் ஊர்க் கணக்கில் தீர்ப்புச் சொல்லலாம். ஒரே பிரிண்ட் ஓர் ஊரில் ஹவுஸ்ஃபுல், பக்கத்து ஊரில் பறிமுதல்.

11. நடிச்சதுக்காக நடிகர்களையே பிடிச்சு உள்ள போட்டாங்களா?

முயன்றார்கள். பெரிய உதாரணம் ஹாரி ரீம்ஸ். 'மிஸ் ஜோன்ஸ்' படத்தில் ஸ்பெல்வினோடு நடித்த அதே நடிகர். 'டீப் த்ரோட்' படத்துக்காக டென்னசி மாநிலத்தின் மெம்பிஸ் நகரில் அவர்மீது மத்திய அரசு சதி வழக்குப் போட்டது. விநியோகத்துக்கும் அவருக்கும் தொடர்பில்லை, வாங்கியது நடித்த கூலி மட்டும். 1976இல் குற்றவாளி என்று தீர்ப்பு. படம் எடுக்கப்பட்டது மில்லர் தீர்ப்புக்கு முன்பு. பின்னால் வந்த கடுமையான அளவுகோலை முன்பு செய்த செயலுக்குப் பொருத்தக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் வேறொரு வழக்கில் சொன்னதும், 1977இல் அவர்மீதான தீர்ப்பு விலக்கப்பட்டது.

கலிஃபோர்னியாவில் நிலைமை வேறு மாதிரி. நடிக்கக் கூலி கொடுப்பதையே விபச்சாரத்துக்கு ஆள் சேர்ப்பதாகக் கருதி வழக்குப் போட இடமிருந்தது. அப்படிச் செய்யக்கூடாது என்று அந்த மாநில உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது 1988இல்தான். ஸ்பெல்வின் நடித்த ஆண்டுகள் முழுக்க இந்தக் கத்தி தலைக்குமேல் தொங்கியது. ஒரே நடிகை மூன்று நான்கு பெயரில் தென்படுவதற்கு வெட்கம் மட்டும் காரணமல்ல.

12. அந்தக் காலத்துல எல்லாரையும் மிரட்டித்தான் நடிக்க வெச்சாங்களாமே? இவங்களையுமா?

லிண்டா லவ்லேஸ் கதையையும் இவர் கதையையும் குழப்பிக்கொள்ளக் கூடாது. லிண்டா லவ்லேஸ் 1980இல் வெளியிட்ட தன்வரலாற்றில், அடித்தும் துப்பாக்கி காட்டியும் தன்னைக் கட்டாயப்படுத்தினார்கள் என்று எழுதினார். பின்பு அரசு விசாரணைக் குழுவின் முன்பும் அதையே சொன்னார். அதை லேசாக எடுத்துக்கொள்ள முடியாது. அந்தக் காலத்தைப் 'பொற்காலம்' என்று எழுதுபவர்கள் பலர் இந்தப் பக்கத்தைத் தாண்டிக் குதித்துவிடுகிறார்கள்.

ஸ்பெல்வின் தன் விஷயத்தில் அப்படி எங்கும் சொல்லவில்லை. வளர்ந்த, தொழில் தெரிந்த, வேலை தேடிய ஒருவராகத் தானே எடுத்த முடிவு என்றே பேசியிருக்கிறார். ஒருவர் அனுபவத்தை வைத்து இன்னொருவர் சொல்வதைப் பொய்யாக்க வேண்டியதில்லை, எந்தப் பக்கத்திலும்.

13. எவ்வளவு நாள், எவ்வளவு ஃபிலிம் செலவாகும் இந்த மாதிரிப் படத்துக்கு?

ஃபிலிம் கணக்கு எளிது. 35 மி.மீ. ஃபிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும், 16 மி.மீ. 36 அடி. 70 நிமிடப் படத்தின் இறுதிப் பிரிண்ட் 35இல் 6,300 அடி, 16இல் 2,520 அடி. ஒவ்வொரு காட்சியையும் சராசரியாக மூன்று தடவை எடுத்தால் 35இல் கிட்டத்தட்ட 19,000 அடி வாங்க வேண்டும். அதற்குக் கழுவும் செலவு வேறு. அதனால்தான் இரண்டாவது டேக்கில் முடித்துவிடும் நடிகைக்கு மதிப்பு. வசனத்தை மறந்து ஐந்தாவது டேக் போனால் காசு கண்முன்னே ஓடும்.

400 அடிச் சுருள் 35 மி.மீ. கேமராவில் நாலரை நிமிடத்துக்குள் தீர்ந்துவிடும், 16இல் 11 நிமிடம் வரும். நீண்ட வசனக் காட்சிக்கு நடுவே சுருள் தீர்ந்தால் மனநிலையை மறுபடி பிடிக்க வேண்டும். அதற்கும் மேடைப் பழக்கம் கைகொடுக்கும். படப்பிடிப்பு நாட்களோ விரல்விட்டு எண்ணும் அளவுதான்.

14. காட்சி அமைப்பு கொஞ்சம் நல்லாவே இருக்கே, யார் கேமரா?

ஜுவாவ் ஃபெர்னாண்டஸ். பெயர்ப்பட்டியலில் 'ஹாரி ஃப்ளெக்ஸ்' என்று இருக்கும். பின்னாளில் 'ஃப்ரைடே தி தர்டீன்த்' வரிசையின் நான்காவது படத்துக்கு (1984) ஒளிப்பதிவு செய்தவரும் இவரே. இசை ஆல்டன் ஷூமன். அந்த இசைக்காகவே இசைத்தட்டைத் தேடிச் சேர்ப்பவர்கள் உண்டு.

15. 1957லயே ஒரு ஃபிரெஞ்சுப் படத்துல நடிச்சதா போட்டிருக்கே? அப்போ பிராட்வேல இல்ல இருந்தாங்க?

நல்ல கேள்வி. அது 'லே கொலேஜியென்' என்ற ஃபிரெஞ்சுப் படம், சின்னப் பெண்ணாகக் கத்ரீன் டெனேவ் முதன்முதலில் திரையில் தோன்றிய படம். அமெரிக்க விநியோகஸ்தர் ராட்லி மெட்ஸ்கர் அதை வாங்கி, 'தி ட்வைலைட் கேர்ள்ஸ்' என்று பெயர் மாற்றி, கூடுதல் காட்சிகளை அமெரிக்காவில் தனியாக எடுத்து நடுவில் ஒட்டினார். ஸ்பெல்வின் இருப்பது அந்த ஒட்டில். நம்மூர்க் காலைக்காட்சி பாஷையில் சொன்னால், பிட்டு சேர்த்த படம். எனவே டெனேவும் ஸ்பெல்வினும் ஒரே படத்தில் 'நடித்திருக்கிறார்கள்', ஒருவரை ஒருவர் பார்க்காமலே. மூல ஃபிரெஞ்சுப் பிரதியில் தேடினால் இவரைக் காணமாட்டீர்கள்.

16. படப்பட்டியல் ஒவ்வொரு இடத்துல ஒவ்வொரு மாதிரி இருக்கு. எதை நம்புறது?

மூன்று இடத்தில் பட்டியல் உதைக்கும். ஒன்று, பெயர் மாற்றம்: அல் ஆடம்சன் 1974இல் எடுத்த 'கேர்ள்ஸ் ஃபார் ரென்ட்' என்ற அடிதடிப் படத்தில் ஸ்பெல்வின் கூலிக்கொலைகாரி. அதே படம் 'ஐ ஸ்பிட் ஆன் யுவர் கார்ப்ஸ்' என்ற பெயரிலும் ஓடியது. பட்டியலில் இரண்டு படமாக ஏறிவிடும். இரண்டு, நடிகை பெயர் மாற்றம் (11ஆவது பதில்). மூன்று, பழைய படங்களின் துண்டுகளைப் பொறுக்கி ஒட்டி வீடியோ காலத்தில் விற்ற தொகுப்புகள். அவர் ஓய்வுபெற்ற பின்னும் 'புதுப்படம்' வந்தது போல் ஆண்டு காட்டுவது இவற்றால்தான்.

சரிபார்க்கும் வழி: முதலில் இயக்குநர் பெயர், பிறகு முதல் வெளியீட்டு ஆண்டு, பிறகு ஓடும் நேரம். ஓடும் நேரம் மட்டும் மாறினால் அது வேறு படமல்ல, வெட்டப்பட்ட பிரிண்ட். ஊருக்கு ஊர் வழக்குக்குப் பயந்து காட்சிகளைக் கத்தரித்ததும், உரிமையாளர் கையிலிருந்த சுருள் அறுந்ததும் இதற்குக் காரணம்.

17. 'மிஸ் ஜோன்ஸ்' தவிர பாக்கற மாதிரி வேற வேடம் இருக்கா?

இருக்கிறது. 1974இல் ஹாரி ரீம்ஸோடு நடித்த 'வெட் ரெயின்போ' ஒரு தம்பதியின் உறவுச் சிக்கல். கத்தாத, இயல்பான நடிப்பு. 1978இல் ஆர்மண்ட் வெஸ்டன் எடுத்த 'டேக் ஆஃப்' பழைய ஹாலிவுட்டை நினைவுபடுத்தும் படம், அதில் அவர் பகட்டான வேடத்தில் வருவார். 1979இல் பாப் சின் இயக்கிய 'டிராபிக் ஆஃப் டிசையர்' இரண்டாம் உலகப்போர்க் கால ஹவாயில் நடக்கிறது. 1970களின் இறுதியிலிருந்து தாய், விடுதித் தலைவி, பெரிய இடத்து அம்மா போன்ற குணச்சித்திர வேடங்கள் அவரைத் தேடி வந்தன. குணச்சித்திரம் என்ற சொல்லையே இந்தத் துறையில் பயன்படுத்த முடிகிறது என்றால், அதற்கு இவர் போன்ற சிலர்தான் காரணம்.

18. இவங்க மட்டும்தான் நடிக்கத் தெரிஞ்சவங்களா?

இல்லவே இல்லை. நியூயார்க்கில் வேலையில்லாத நாடக நடிகர்கள் மலிந்திருந்த காலம் அது. ஹாரி ரீம்ஸ், ஜேமி கில்லிஸ் இருவரும் மேடையிலிருந்து வந்தவர்கள். பால் தாமஸ் 1973இல் வந்த 'ஜீசஸ் க்ரைஸ்ட் சூப்பர்ஸ்டார்' திரைப்படத்தில் சீடர் பீட்டராக நடித்தவர். நாடகம் படித்த வெரோனிகா ஹார்ட் பின்னாளில் 'பூகி நைட்ஸ்' (1997) படத்தில் நீதிபதியாகத் தலைகாட்டுகிறார். வீடியோ கேமரா வந்து, கதைக்கும் வசனத்துக்கும் செலவு செய்ய ஆளில்லாமல் போனதும் இந்த வரத்து நின்றது.

19. 'போலீஸ் அகாடமி'ல இருக்காங்களாமே, நான் பத்து தடவை பாத்திருக்கேன், கண்ணுலயே படலையே?

1984இல் வந்த முதல் பாகத்தில், கமாண்டன்ட் லசார்ட் உரை நிகழ்த்தும் பேச்சு மேடைக்குள் ஒளிந்திருக்கும் பெண் அவர்தான். காட்சியின் சிரிப்பெல்லாம் லசார்டின் முகத்தில் நடக்கிறது. மூன்றாவது பாகத்திலும் (1986) அதே வேடத்தில் சில நொடி வருகிறார். வழக்கமான ஹாலிவுட் படத்தில் அவருக்குக் கிடைத்ததில் அதிகம் பேர் பார்த்தது இதைத்தான்.

20. 'மிஸ் ஜோன்ஸ்'க்கு இரண்டாம் பாகம், மூணாம் பாகம்னு வந்திருக்கே, எல்லாத்துலயும் இவங்களா?

1980களின் தொடக்கத்தில் வந்த இரண்டாம் பாகத்தில் ஜோன்ஸாக வருகிறார், ஆனால் அது நகைச்சுவைப் பக்கம் போய்விட்டது. 1986இல் வந்த அடுத்த பாகங்களுக்கும் மூலப் படத்துக்கும் பெயர்தான் பொது. 2005இல் பால் தாமஸ் (18ஆவது பதிலில் சொன்ன அதே ஆள்) மறுபடி எடுத்த படத்தில் மரியாதை நிமித்தம் சிறு வேடத்தில் தோன்றினார்.

21. இந்தியாவுல 'மிஸ் ஜோன்ஸ்' படத்தைச் சட்டப்படி பாக்க முடியுமா? 'ஏ' சர்டிபிகேட் மாதிரிதானே?

'ஏ' வேறு. அது தணிக்கை வாரியம் பார்த்து, 18 வயதுக்கு மேற்பட்டோருக்கு என்று கொடுக்கும் சான்று. அமெரிக்காவில் 1968இல் வந்த, வயதுவந்தோர் படத்துக்கான 'எக்ஸ்' முத்திரையை வணிகக்குறியாகப் பதிவு செய்யாமல் விட்டுவிட்டார்கள். எனவே எந்தத் தயாரிப்பாளரும் யாரிடமும் காட்டாமல் தானே போட்டுக்கொள்ளலாம். மூன்று எக்ஸ் போட்டதும் அப்படித்தான், விளம்பரத்துக்காக.

இங்கே பொது இடத்தில் திரையிடத் தணிக்கைச் சான்று வேண்டும், இந்தப் படத்துக்கு அது கிடைக்காது. அப்பட்டமான பாலியல் காட்சியை இணையத்தில் வெளியிடுவதும் அனுப்புவதும் தகவல் தொழில்நுட்பச் சட்டம் 67ஏ பிரிவின்படி குற்றம். முதல் தடவைக்கே 5 ஆண்டு வரை சிறை, 10 லட்சம் ரூபாய் வரை அபராதம். திரைப்படக் குழுக்களில் 'ஆய்வுக்காக' என்று சுட்டியோ துண்டுக்காட்சியோ பகிர்பவர்கள் இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். படத்தைத் தொடாமலே அவரைப் பற்றிப் படிக்க அவருடைய தன்வரலாறு இருக்கிறது. 2008இல் வெளிவந்தது, நாடகக்காரருக்கே உரிய கிண்டலோடு எழுதியிருக்கிறார்.

22. கடைசில என்ன ஆனாங்க?

1980களின் தொடக்கத்தில் வயதுவந்தோர் படங்களில் நடிப்பதை விட்டார். அதன்பின் லாஸ் ஏஞ்சலிஸில் கணினியில் பக்கம் வடிவமைக்கும் அலுவலக வேலை பார்த்து ஓய்வுபெற்றார்.

2010 வாக்கில் பிரிட்டனின் மாஸிவ் அட்டாக் இசைக்குழு ஒரு பாடலின் காணொளிக்கு அவரை அழைத்தது. எழுபதைக் கடந்த ஸ்பெல்வின் நேராக உட்கார்ந்து, அந்தப் பழைய படத்தைப் பற்றியும் கேமரா முன்னால் இருப்பதில் தனக்கு இருந்த ஆசையைப் பற்றியும் நிதானமாகப் பேசுகிறார். இடையிடையே 1973 படக்காட்சிகள் வெட்டி வருகின்றன, எனவே அலுவலகத்தில் திறக்காதீர்கள். படத்தை மூடிவிட்டு ஒலியை மட்டும் கேட்டாலும் போதும். அபாகாவின் முன்னால் உட்கார்ந்து பேசிய அதே குரல், இப்போது இறுக்கம் இல்லாமல்.